கிடை நகர்ந்தால் பிள்ளையின் படிப்பு நிற்க வேண்டுமா?

கல்வித் துறை அதிகாரிகளுக்கு வணக்கம்.

நான் ராமநாதபுரத்துப் பக்கம், ஊர் ஊராக ஆடு மேய்க்கும் ஒரு கீதாரி வீட்டுப் பிள்ளை. சம்பா, தாளடி நெல் அறுவடை முடிந்ததும் ஆடுகளை ஓட்டிக்கொண்டு தஞ்சாவூர், மன்னார்குடி வயல்களில் கிடை போட, அதாவது எருவுக்காக ஆடுகளை இரவில் வயலில் அடைத்து வைக்க, வருகிறவர்கள் நாங்கள் என்பது உங்களுக்குத் தெரியும். ஆண்டுத் தேர்வு நடக்கும் மாதங்களில் எங்கள் பிள்ளைகள் ஊரிலேயே இருப்பதில்லை.

போன வாரம் என் அண்ணன், கிடை போட்ட வயலுக்குப் பக்கத்திலிருந்த பள்ளிக்கு மகளைக் கூட்டிப் போனார். மூன்றாம் வகுப்பு. டிசி (மாற்றுச் சான்றிதழ்) இல்லை என்று வாசலிலேயே திருப்பி அனுப்பிவிட்டார்கள். அதை வாங்க ஊருக்குப் போய்வர இரண்டு நாள் ஆகும், அந்த இரண்டு நாளும் 300 ஆட்டை யார் பார்ப்பது? டிசி வரத் தாமதமானாலும் சேர்க்கையை மறுக்கக் கூடாது என்று 2009ஆம் ஆண்டு கல்வி உரிமைச் சட்டத்தின் 5ஆவது பிரிவே சொல்கிறதே ஐயா!

நானும் இப்படி வளர்ந்தவன்தான். விடிந்ததும் குட்டிகளைக் கவிழ்த்து மூடி வைத்திருக்கும் குடாப்புக் கூடையைத் தூக்கி, குட்டிகளை அதனதன் தாயிடம் விடுவது என் வேலை. எந்தக் குட்டி எந்த ஆட்டுடையது, எது இன்னும் பால் குடிக்கவில்லை என்று ஆறு வயதிலேயே பார்த்ததும் சொல்லிவிடுவேன். ஆனால் ஊர் திரும்பினால் வருகைப் பதிவேட்டில் என் பெயரை அடித்திருப்பார்கள், மறுபடி அதே வகுப்பு. மூன்றாம் வகுப்பில் மூன்று வருஷம் இருந்தேன். கடைசி வருஷம் என் பக்கத்தில் உட்கார்ந்திருந்தது என் தம்பி. அதற்கப்புறம் நான் பள்ளிக்குப் போகவில்லை.

எங்கள் ஆட்டுப் புழுக்கை விழுந்த வயலில் விளைந்த நெல்லை எல்லோரும்தான் சாப்பிடுகிறோம். 2006ஆம் ஆண்டு வன உரிமைச் சட்டம் நாடோடி மேய்ப்பர்களுக்குப் பருவகால மேய்ச்சல் உரிமை தருகிறது, ஆனாலும் காட்டோரம் போனாலே விரட்டுகிறார்கள். 2026ஐ மேய்ச்சல் நிலங்களுக்கும் மேய்ப்பர்களுக்குமான ஆண்டு என்று ஐநா அறிவித்திருக்கிறது. எங்கள் பிள்ளைக்கு ஒரு பெஞ்சில் இடம் கிடைக்கவில்லை.

சரி, மற்றதை அப்புறம் பேசலாம். நான் கேட்பது ஒன்றுதான். கிடை எங்கே இருக்கிறதோ அந்த ஊர்ப் பள்ளியில் டிசி கேட்காமல் பிள்ளையை உட்கார வையுங்கள், அங்கே வந்த நாட்களைச் சொந்த ஊர்ப் பள்ளியின் கணக்கிலும் சேருங்கள். எல்லாத் தலைமை ஆசிரியர்களுக்கும் இதை எழுத்தில் அனுப்புங்கள். தயவுசெய்து சீக்கிரம். அடுத்த வாரம் கிடை வேறு ஊருக்குப் போகிறது, அண்ணன் அங்கேயும் மகளைக் கூட்டிக்கொண்டு பள்ளிக்குப் போவார்.

இப்படிக்கு,
ஒரு கீதாரியின் மகன்