நிலூஃபர் என்று எழுதியிருந்தாய்

அன்புள்ள நீலாவுக்கு,

அம்மா எழுதிக்கொள்வது. நான் நலம். முட்டிவலி அப்படியேதான் இருக்கிறது. நீ அனுப்பிய பார்சல் செவ்வாய்க்கிழமை வந்து சேர்ந்தது. குங்குமப்பூ டப்பா உடையாமல் வந்தது. கஸ் மிட்டாயும் வந்தது. ஒன்றை எடுத்து வாயில் போட்டேன். பிஸ்தா பல்லில் ஒட்டிக்கொண்டதும் ஈரானில் நாம் இருந்த மர்வ்தஷ்த் வீட்டு முற்றத்தில் உட்கார்ந்திருப்பது போலவே இருந்தது. அப்பா படத்துக்கு முன்னாலும் ஒன்று வைத்தேன்.

பார்சல் மேல் அனுப்பியவர் பெயரைப் பார்த்தேன். இருபத்து மூன்று வருஷமாக அந்த இடத்தில் நீலா என்றும், பின்னால் மாப்பிள்ளை பெயரும்தான் இருக்கும். இந்தத் தடவை நிலூஃபர் என்று இருந்தது. பின்னால் அப்பா பெயர். கொண்டுவந்த பையன், "இந்த வீடுதானாம்மா?" என்று இரண்டு முறை கேட்டான். என் மகள்தான் என்று சொல்லிக் கையெழுத்துப் போட்டு வாங்கிக்கொண்டேன்.

நான் எதுவும் கேட்கவில்லை. போன மாசம் உன் பிறப்புச் சீட்டைப் படம் எடுத்து அனுப்பச் சொன்னபோதும் எதற்கு என்று கேட்கவில்லை. உன் பிறந்தநாள் அன்று மூன்று தடவை கூப்பிட்டேன், மணி அடித்துக்கொண்டே இருந்தது. மறுநாள் "வேலை அதிகம்மா" என்று ஒரு வரி அனுப்பியிருந்தாய். வேலை இருக்கும்தான். அங்கே பனி ஆரம்பித்திருக்குமே, ராத்திரியில் தனியாக வண்டி ஓட்டாதே. படுக்கும் முன் கதவைத் தாழ் போட்டிருக்கிறதா என்று பார்த்துக்கொள்.

சரி, பெயரைப் பற்றி எழுதத்தான் உட்கார்ந்தேன். நீ அதைத் திரும்ப எடுத்துக்கொண்டாய் என்றால் அது என்ன பெயர் என்று உனக்கு முழுசாகத் தெரிய வேண்டும். "பாரசீகத்தில் ஏதோ ஒரு பூ" என்று சொல்லியே இத்தனை வருஷத்தை ஓட்டிவிட்டேன். உனக்கு வைத்த பெயரை உனக்கே சொல்லித்தராத அம்மா நான்.

மாதர்ஜானை உனக்கு நினைவிருக்காது. நாங்கள் மாதர்ஜான் என்று கூப்பிட்ட அந்த வீட்டுக்காரம்மா பள்ளிக்கூடத்தில் பாரசீக இலக்கியம் சொல்லிக்கொடுத்து ஓய்வு பெற்றவர். எனக்குப் பாரசீகம் பேசவும் எழுத்துக்கூட்டவும் கற்றுத்தந்தவர் அவர்தான். முற்றத்து நடுவில் நீல ஓடு பதித்த சின்னத் தொட்டி, அதை ஹௌஸ் என்பார்கள். பக்கத்துச் சுவரில் ஒரு கொடி. விடியும்போது ஊதுகுழல் மாதிரி நீலப் பூவாக விரியும், வெயில் ஏறினால் சுருங்கிவிடும். அதைத்தான் அங்கே சாதாரணமாக நிலூஃபர் என்பார்கள். தண்ணீரில் பூப்பதை நிலூஃபரே ஆபி என்று பிரித்துச் சொல்வார்கள். ஆப் என்றால் தண்ணீர். பஞ்சாபில் இருக்கும் ஆப் அதுதான். பெயராக வைக்கும்போது இரண்டு பூவும் மனசில் இருக்கும், ஆனால் பழைய பொருள் தண்ணீர்ப் பூதான் என்பார் மாதர்ஜான்.

நீ பிறந்தது ஷீராஸில், ஆபான் மாதம் 15ஆம் தேதி. நமக்கு அது 1977 நவம்பர் 6. ஆபான் என்றால் நீர்கள். தண்ணீருக்கென்று ஒரு மாதமே வைத்திருக்கிறார்கள். ஜொராஸ்டிரர்களின் பழைய நூலான புந்தஹிஷ்னில் ஒவ்வொரு தெய்வத்துக்கும் ஒரு பூ சொல்லியிருக்கிறது, நீருக்கு உரிய பூ நிலூஃபர். அந்த நீருக்கெல்லாம் தலைவி அனாஹிதா. காஸெரூன் பக்கம் பீஷாபூரில் அனாஹிதா கோயில் என்று ஒன்றைக் காட்டுவார்கள். படி இறங்கிப் போனால் பள்ளத்தில் கல்லால் கட்டிய சதுர முற்றம், சுற்றிலும் தண்ணீர் ஓடிய வாய்க்கால். நீ வயிற்றில் ஏழு மாதம். அப்பா கையைப் பிடித்துக்கொண்டு அந்தப் படிகளில் மெதுவாக இறங்கினேன். அப்போது அங்கே ஒரு சொட்டுத் தண்ணீர் இல்லை. ஆனாலும் உள்ளே குளுகுளுவென்று இருந்தது.

ஷீராஸிலிருந்து உன்னை வீட்டுக்குக் கொண்டுவந்தபோது மாதர்ஜான் வாசலிலேயே ஒரு தட்டில் இஸ்ஃபந்த் விதையைப் போட்டுப் புகைத்து உன் தலையைச் சுற்றினார். நாம் சாம்பிராணி போட்டுச் சுற்றிப்போடுவது போலத்தான், விதைகள் படபடவென்று வெடிக்கும், கண்ணேறும் அதோடு வெடித்துப் போகும் என்பார்கள். ஆறாம் நாள் ராத்திரி என்ன பெயர் என்று கேட்டார். ஊரிலிருந்து பாட்டி எழுதியிருந்த பட்டியல் எங்களிடம் இருந்தது. அப்பா அதை எடுக்கவேயில்லை. "ஆபானில் பிறந்த பெண்ணுக்கு நீங்களே ஒரு பெயர் சொல்லுங்கள்" என்றார். மாதர்ஜான் சொன்னதுதான் நிலூஃபர். சொல்லிவிட்டுச் சிரித்தார். "இது எங்கள் பெயர் இல்லை, உங்கள் ஊரிலிருந்து வந்தது. நாங்கள் பத்திரமாக வைத்திருந்தோம், இப்போது திருப்பித் தருகிறேன்" என்றார்.

எனக்கு முதலில் புரியவில்லை. ஒரு தாளில் எழுதிக் காட்டினார். வடமொழியில் நீலோத்பல. அது பழைய பாரசீகப் பேச்சுக்குப் போய் நீலோபல் ஆனது. பிறகு கடைசி லகரம் ரகரமாகி நீலூபர். அரபியில் பகரம் கிடையாது, அதனால் ஃபகரம் வந்து ஒட்டிக்கொண்டது, நிலூஃபர். அங்கிருந்து பிரெஞ்சு வரைக்கும் போய் நெனுஃபார் என்று அல்லிப் பூவுக்குப் பெயராக இருக்கிறதாம். துருக்கியில் நிலூஃபெர், உஸ்பெக்கியர்களும் தாஜிக்குகளும் நிலுஃபர். அந்தத் தாளைப் பார்த்துக்கொண்டே இருந்தேன். நீலோற்பலம். நம் கருங்குவளை. திருவாரூரில் பிறந்து வளர்ந்து, வெள்ளிக்கிழமை தோறும் நீலோத்பலாம்பாள் சந்நிதியில் நின்றவள் நான். அந்த அம்மன் பெயர்தான் இரண்டாயிரம் மைலுக்கு அப்பால் வேறொரு வாயிலிருந்து எனக்கு வந்தது. பக்கத்தில் தோழி தோளில் குழந்தை முருகன் இருப்பானே, அந்த அம்மன். எனக்கு அழுகை வந்துவிட்டது. மாதர்ஜான் பிரசவித்த உடம்பு என்று நினைத்துக்கொண்டு கற்கண்டு போட்டுக் குங்குமப்பூ வெந்நீர் கொடுத்தார்.

தக்தே ஜம்ஷீத் எங்கள் வீட்டுக்குப் பக்கம். பழைய பாரசீக ராஜாக்களின் அரண்மனை, பெர்செபோலிஸ் என்று நீ பாடத்தில் படித்திருப்பாய். வெள்ளிக்கிழமை விடுமுறைக்கு உன்னைத் தோளில் போட்டுக்கொண்டு போவோம். அங்கே ஒரு கல்லில் அரசன் அரியணையில் உட்கார்ந்திருக்கிறான், ஒரு கையில் நீளக் கோல், ஒரு கையில் பூ. எதிரே ஆள் குனிந்து நிற்கிறான். அத்தனை பெரிய ராஜா கையில் கத்தி இல்லை, பூ இருக்கிறதே என்று அப்பா ஒவ்வொரு தடவையும் சொல்வார். உன் விரலைப் பிடித்து அந்தப் பூவின் பக்கம் நீட்டி, "உன் பேரு, உன் பேரு" என்பார். கெர்மான்ஷா பக்கம் தாகே போஸ்தானில் இன்னொரு சிற்பம், தலையைச் சுற்றிக் கதிர் வீசும் மித்ரன் நிற்பது விரிந்த தாமரை மேலே. அதைப் படத்தில்தான் பார்த்தேன். அந்த ஊருக்குப் பக்கத்தில் சராபே நிலூஃபர் என்றே பெயர் வைத்த குளம் இருக்கிறது. போகலாம் போகலாம் என்று சொல்லிக்கொண்டே இருந்தார் அப்பா. அதற்குள் 1978 வந்து ஊர் கொந்தளித்துவிட்டது.

இரும்புச்சத்து மாத்திரை சாப்பிடுகிறாயா? படத்தில் முகம் வெளுத்திருந்தது. காலையில் வெறும் காபியோடு கிளம்பாதே. பேரனுக்குப் பன்னிரண்டாவது கடைசி வருஷம், அவனையும் சாப்பிட வை. மாப்பிள்ளையை விசாரித்ததாகச் சொல். சொல்லத் தோன்றாவிட்டால் விட்டுவிடு.

இன்னொன்று. பாரசீகக் கவிதையில் வானத்துக்கு சர்க்கே நிலூஃபரி என்று ஒரு பெயர் உண்டு. நிலூஃபர் நிறத்துச் சக்கரம். ராட்டையைச் சர்க்கா என்கிறோமே, அந்தச் சொல்தான். சுற்றிக்கொண்டே இருந்து மனுஷர் தலையெழுத்தை மாற்றுவது அந்த நீலச் சக்கரம்தான் என்று எல்லாக் கஷ்டத்துக்கும் அதன் மேல் பழி போடுவார்களாம். பழி போடாதே, உன் கையில் என்ன இருக்கிறது என்று பார் என்று கண்டித்துப் பாடியவர்களும் உண்டு. மாதர்ஜான் அதைச் சொல்லிக்கொடுத்தபோது எனக்கு இருபத்தாறு வயசு. நன்றாக இருக்கிறது என்று தலையாட்டினேன்.

1979இல் ஊருக்கு வந்தோம். பாட்டிக்குப் பெயர் பிடிக்கவில்லை. "இது யாரு வீட்டுப் பேரு? தெருவுல என்ன கேப்பாங்க?" என்றார். அப்போது நான் ஒரே வார்த்தை சொல்லியிருக்கலாம். இது நம் நீலோத்பலாம்பாள் பேர்தான் என்று. பாட்டி வாயடைத்துப் போயிருப்பார், அப்புறம் அவரே ஊரெல்லாம் சொல்லிப் பெருமைப்பட்டிருப்பார். எனக்குத் தெரியும், மாதர்ஜான் எழுதித் தந்த தாள் என் பெட்டியில் இருந்தது. நான் பேசவில்லை. புகுந்த வீட்டில் மாமியாருக்குப் பதில் சொன்னவள் என்ற பெயர் எனக்கு வேண்டாம் என்று இருந்தேன்.

பள்ளிக்கூடத்தில் சேர்த்த கதை உனக்குத் தெரியும். உனக்குத் தெரிந்த கதை பொய். தலைமையாசிரியர்தான் வாயில் நுழையவில்லை என்று நீலா என்று மாற்றி எழுதினார் என்று நூறு தடவை சொல்லியிருப்பேன். அவர் மாற்றவில்லை. பிறப்புச் சீட்டில் வருஷம் 2536 என்று இருந்ததைப் பார்த்துத்தான் திகைத்தார். ஈரான் மன்னர் ஷா ஏறக்குறைய இரண்டரை வருஷத்துக்கு மட்டும் பழைய பாரசீகப் பேரரசர் சைரஸ் காலத்திலிருந்து ஆண்டை எண்ணச் சொல்லியிருந்தார், நீ பிறந்தது அந்தக் கணக்கு நடந்த காலத்தில். அதை விளக்கினேன். அவர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, பேனாவைத் தொட்டு, "பேர் எப்படிம்மா எழுதணும்? நீங்களே சொல்லுங்க" என்றார். நீ என் புடவையைப் பிடித்துக்கொண்டு நின்றாய். நீலா என்று சொன்னது நான்தான். அப்பா இரண்டு நாள் என்னோடு பேசவில்லை. அவரும் கடைசி வரை உன்னிடம் என்னைக் காட்டிக்கொடுக்கவில்லை.

2022 செப்டம்பரில் தெஹ்ரானில், தலைத்துணி சரியில்லை என்று போலீஸ் பிடித்துப்போன அந்தப் பெண் மஹ்ஸா அமினி இறந்தாளே, அவளுடைய பெற்றோர் மருத்துவமனை நடையில் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டு நிற்கும் படத்தை வெளியே கொண்டுவந்தவள் ஒரு பத்திரிகைக்காரப் பெண். பெயர் நிலூஃபர் ஹமேதி. சில நாளில் அவளைச் சிறையில் போட்டார்கள். 2024 ஜனவரியில்தான் ஜாமீனில் வெளியே வந்தாள். செய்தியில் அந்தப் பெயரைக் கேட்டதும் எனக்குத் தூக்கிவாரிப் போட்டது. பெருமையாக இருந்தது, உடனே பயமாகவும் இருந்தது, நல்லவேளை என் பெண் நீலா என்றுகூட ஒரு நிமிஷம் நினைத்தேன். அந்தப் படத்தைப் போனில் வைத்துக்கொண்டு பார்த்துக்கொண்டே இருந்தேன். அந்த அப்பா அம்மாவுக்கு இனிக் கட்டிக்கொள்ள அந்த மகள் இல்லை.

மஹ்ஸா இறந்ததற்கு அடுத்த மாசம்தான் நீ கூப்பிட்டாய். உனக்கு அங்கே நடுராத்திரி. "அம்மா, நான் கொஞ்ச நாள் வந்து இருக்கட்டுமா?" என்று கேட்டாய். குரல் எப்படி இருந்தது என்று எனக்கு இப்போதும் காதில் இருக்கிறது. நான் என்ன விஷயம் என்று கேட்கவில்லை. கேட்டால் நீ சொல்லிவிடுவாய் என்று தெரியும். எல்லா வீட்டிலும் இருப்பதுதான், பையன் பள்ளிக்கூடம் முடிக்கட்டும், நேரம் சரியில்லை, சனி மாறட்டும் என்றேன். மாதர்ஜான் சொன்ன நீலச் சக்கரத்தின் மேல் நான் பழியைப் போட்டேன். நீ "சரிம்மா" என்று வைத்துவிட்டாய். அந்தப் படத்தை அத்தனை நாள் பார்த்தவள்தான் அப்படிச் சொன்னேன் நீலா. தெருவில் என்ன கேட்பார்கள் என்று எனக்குள்ளும் ஓடியது. பாட்டி சொன்ன அதே வார்த்தை.

அன்றிலிருந்து நீ போனில் "நல்லா இருக்கேன்மா" என்பதைத் தாண்டி ஒன்றும் சொல்வதில்லை. மூன்று வருஷம் ஆகிறது. உன்மேல் எனக்குக் கோபம்கூட வந்தது, பெற்றவளிடம் சொல்லாமல் அங்கே யாரிடம் சொல்லுவாள் என்று. சொன்னாயே. நான்தான் வாங்கிக்கொள்ளவில்லை.

கொடியின் விதையை மாதர்ஜான் காகிதத்தில் மடித்துக் கொடுத்தனுப்பியிருந்தார். கொல்லைச் சுவரில் போட்டேன், அது பாட்டுக்கு விழுந்து முளைத்து இன்றைக்கும் இருக்கிறது. அது என்ன கொடி என்று நீ சின்னதில் கேட்டபோது காட்டுக்கொடி என்றேன். அதுவும் பொய்தான். இந்த மழைக்கு மாடிச் சன்னல் வரைக்கும் ஏறியிருக்கிறது.

மாடி அறையை ஆள் வைத்து வெள்ளையடித்துவிட்டேன். அப்பா புத்தகங்களைக் கீழே இறக்கியாயிற்று. பீரோவில் மூன்று தட்டு காலி. குளியலறையில் வெந்நீர்க் கருவி புதுசாகப் போட்டிருக்கிறேன். யார் வருகிறார்கள் என்று எதிர்வீட்டில் கேட்டார்கள், என் மகள் வந்தாலும் வருவாள் என்றேன். அதற்கு மேல் அவர்கள் கேட்கவில்லை, கேட்டால் கேட்கட்டும்.

கதவைத் தாழ் போட்டுக்கொள். மாத்திரை சாப்பிடு. பிறப்புச் சீட்டின் அசல் வேண்டுமென்றால் சொல், பதிவுத் தபாலில் அனுப்புகிறேன். மாதர்ஜான் எழுதித் தந்த தாளை இதோடு வைத்திருக்கிறேன், மடிப்பில் கிழிந்திருக்கிறது, பார்த்துப் பிரி. உறை மேல் நீ எழுதியிருந்த பெயரையே எழுதியிருக்கிறேன். எழுத்துக் கூட்டல் சரியா என்று பார்த்துச் சொல்.

அம்மா