இரண்டு பாடசாலைப் பெடியளை ஒரே அணியாக ஆட விடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

எங்கள் பக்கத்தில் அடுத்தடுத்து இரண்டு சிறிய பாடசாலைகள் இருக்கின்றன. ஒன்றில் உதைபந்தாடுகிற வயதில் எட்டுப் பெடியள், மற்றதில் ஏழு பேர். பின்னேரத்தில் பதினைந்து பேரும் ஒரே மைதானத்தில்தான் ஆடுகிறார்கள். இம்முறை அவர்களைச் சேர்த்து ஓர் அணியாகப் போட்டிக்கு அனுப்பலாமா என்று அங்குள்ள இளம் ஆசிரியர் கேட்டுப் பார்த்தார். பாடசாலைக்கு ஓர் அணி, அதுதான் விதி, பதினொரு பேர் இல்லையென்றால் வரவேண்டாம் என்று பதில் வந்தது. விதியில் அப்படித்தான் இருக்கிறது. பதில் சொன்னவரில் பிழை இல்லை. அந்த விதியைப் பற்றித்தான் எழுதுகிறேன்.

சில வருடங்களுக்கு முன் அமெரிக்காவில் ஒஹாயோவில் இருக்கும் மகளிடம் போயிருந்தேன். மருமகனுக்கு அந்த நாட்டுப் புட்போலில் பைத்தியம். பெயர்தான் புட்போல், முட்டை மாதிரி ஒரு பந்தைக் கையில் வைத்துக்கொண்டு ஓடுகிறார்கள். எனக்குப் பெரிய ஈடுபாடு வரவில்லை. ஆனால் நொவெம்பர் 14 அன்று அவர் என்னைக் காரில் ஏற்றி, மேற்கு வேர்ஜினியாவில் ஹன்டிங்டன் என்ற ஊருக்குக் கூட்டிப்போனார். அங்கே மார்ஷல் பல்கலைக்கழக வளாகத்தில் ஒரு நீரூற்று இருக்கிறது. மகளின் கம்பளித் தொப்பியைக் காதுவரை இழுத்துவிட்டுக்கொண்டு கூட்டத்தோடு நின்றேன். பெயர்களை வாசித்தார்கள், பிறகு நீரூற்றை நிறுத்தினார்கள். இனி வசந்த காலத்தில்தான் திறப்பார்களாம். கார்த்திகை மாதத்தில் நின்று பெயர் கேட்பது எங்கள் சனத்துக்குப் புதிதல்ல. மருமகன் எதையும் மொழிபெயர்க்க வேண்டியிருக்கவில்லை.

1970 நொவெம்பர் 14 அன்று அந்தப் பல்கலைக்கழக அணி வெளியூரில் 17–14 என்று தோற்று, விமானத்தில் திரும்பிக்கொண்டிருந்தது. மழையும் மூட்டமுமான இரவு. ஓடுபாதைக்குச் சற்று முன்னால் இருந்த மேட்டில் விமானம் மரங்களில் மோதி விழுந்தது. 75 பேரில் ஒருவரும் தப்பவில்லை. 37 வீரர்கள், தலைமைப் பயிற்றுநர் ரிக் டோலி, அணியோடு போன ஊர்ப் பெரியவர்கள், விமானப் பணியாளர்கள், எல்லோரும் போய்விட்டார்கள். ஆறு வீரர்களின் உடல்களை அடையாளம் காண முடியாமல் ஒரே இடத்தில் அடக்கம் செய்தார்கள்.

அடுத்த வருடம் அணியை இறக்குவதா விடுவதா என்று பெரிய வாக்குவாதம். இறக்குவதென்று முடிவானபோது வந்து நின்ற சிக்கல்தான் எனக்கு முக்கியமாகப் பட்டது: ஆள் இல்லை. முதலாம் வருட மாணவர் பல்கலைக்கழகத்தின் முதல்தர அணியில் ஆடக்கூடாது என்பது அக்கால விதி. கல்லூரி விளையாட்டுகளை நடத்தும் சங்கத்திடம் போய்க் கேட்டார்கள். மார்ஷலுக்கு விலக்குக் கிடைத்தது. புதிய பயிற்றுநர் ஜாக் லெங்யெல், காயம் காரணமாக அந்தப் பயணத்துக்குப் போகாத நேட் ரஃபின் போன்ற ஒரு சிலரையும், நேற்றுப் படிக்க வந்த பெடியளையும், வேறு விளையாட்டுக்காரரையும் சேர்த்து ஓர் அணி கட்டினார். பந்தை உதைக்க, நாங்கள் ஆடுகிற உதைபந்தாட்டம் ஆடும் ஒருவனைப் பிடித்தார்கள் என்று கேட்டபோதுதான் நான் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அதே மாநிலத்துப் பெரிய பல்கலைக்கழகத்தின் பயிற்றுநர் பொபி பௌடன் தன் ஆட்ட வியூகங்களையெல்லாம் இவர்களுக்குத் திறந்து காட்டினாராம்.

முதல் ஆட்டம் 29–6 என்று தோல்வி. செப்டெம்பர் 25 அன்று சொந்த மைதானத்தில் சேவியர் பல்கலைக்கழகத்தோடு இரண்டாவது. நேரம் முடியப்போகிறது, 13–9 என்று பின்னால் நிற்கிறார்கள். ரெஜி ஒலிவர் ஒரு குட்டிப் பந்தெறிகிறார், டெரி கார்ட்னர் பிடித்துக்கொண்டு 13 யார் தூரம் ஓடிக் கோட்டைத் தாண்டுகிறார். 15–13. சனம் வெகு நேரம் மைதானத்தை விட்டுப் போகவில்லையாம். அந்த வருடம் பத்து ஆட்டத்தில் வென்றது இரண்டே இரண்டு. மருமகன் ஏதோ உலகக் கிண்ணம் எடுத்த மாதிரிச் சொன்னார்.

அடுத்த வருடம், 1972 இல், முதலாம் வருட மாணவர் ஆடலாம் என்று எல்லாப் பல்கலைக்கழகங்களுக்கும் விதி மாறிவிட்டது. 1971 இல் கொடுத்த விலக்கால் ஒன்றும் இடிந்து விழவில்லை.

நாங்களும் இதைச் செய்தவர்கள்தான். 1995 ஒக்டோபர் 30 இடப்பெயர்வோடு வலிகாமத்திலிருந்து தென்மராட்சிக்குப் போய், கொட்டிலில் பின்னேர வகுப்பு நடத்தினோம். 1996 தை மாதம் மூன்று பாடசாலைப் பெடியளைச் சேர்த்துக் கொடிகாமத்தில் ஓர் அணி இறக்கினேன். பாதிப் பேருக்குச் சப்பாத்து இல்லை. 5–1 என்று தோற்றோம். அந்த ஒரு கோலை அடித்தவன் இப்போது நோர்வேயில் லொறி ஓட்டுகிறான். தொலைபேசியில் பேசினால் சுகம் விசாரிக்க முன்னமே அந்தக் கோல்தான் வரும். அது சிநேகபூர்வ ஆட்டம், போட்டியல்ல என்பீர்கள். சரி, ஒத்துக்கொள்கிறேன்.

பெரிய பாடசாலைகள் நல்ல ஆட்டக்காரரை இழுத்துக் கூட்டணி போட்டுவிடும் என்பதுதான் பயம் என்றால் அதற்கு வழி இருக்கிறது. அந்த வயதுப் பிரிவில் பதினொருவருக்குக் குறைவாக உள்ள பாடசாலைகளுக்கு மட்டும், அதே கோட்டத்துக்குள், இரண்டு அதிபர்களின் கடிதத்தோடு அனுமதி கொடுங்கள். இரண்டு பாடசாலைகளின் பெயரும் சட்டையில் இருக்கட்டும். கேடயம் கிடைத்தால் ஆறு மாதம் இங்கே, ஆறு மாதம் அங்கே. கிடைக்கும் என்று நான் சொல்லவில்லை. போன கிழமை போய்ப் பார்த்தேன், அவர்களுக்கு இன்னும் ஒழுங்கான கோல்காப்பாளர் இல்லை.

ஓய்வுபெற்ற உடற்கல்வி ஆசிரியர்,
அளவெட்டி.