ஆண்டறிக்கை: லிமரிக் பித்தும் மௌனப்பட வேகமும்

பொதுக்குழு உறுப்பினர்களுக்கு வணக்கம்.

மாதத் திரையிடல்கள் தடையின்றி நடந்தன. வரவு செலவைப் பொருளாளர் தனியே வாசிப்பார். லிமரிக் என்ற ஐந்தடி வேடிக்கைப் பாட்டின் போட்டிப் பித்தைக் கேலி செய்யும் பிரிட்டிஷ் மௌனக் குறும்படத்தைத் திரையிட்டது பற்றி மட்டும் விரிவாகச் சொல்ல வேண்டும். பழைய நகைச்சுவைப் படங்களைத் தொடர்ந்து போட நினைக்கிறோம் என்பதால் அந்த விவரங்கள் பதிவாக வேண்டும்.

1907-ல் பிரிட்டனில் பத்திரிகைகள் இந்த ஐந்தடிப் பாட்டில் நான்கடியை அச்சிட்டு, கடைசி அடியை எழுதி அனுப்பச் சொல்லின. நம் புலவர்களுக்கு ஈற்றடியைக் கொடுத்து வெண்பா பாடச் சொல்வார்கள். இது அதற்கு நேர் எதிர். ஒன்று, இரண்டு, ஐந்தாம் அடிகள் ஓர் இயைபில் முடிய வேண்டும். நடு இரண்டடிக்கு வேறு இயைபு. கட்டணம் ஆறு பென்ஸ் போஸ்டல் ஆர்டர். வழக்கமாக ஆறு மாதத்தில் ஏழெட்டு லட்சம் விற்ற அந்த ஆர்டர், ஆண்டின் பிற்பாதியில் ஒரு கோடியே 14 லட்சம் விற்றது. சமுதா என்ற சிகரெட் நிறுவனம், வாழ்நாள் முழுக்க வாரம் 3 பவுண்டு என்று பரிசு அறிவித்தது. இவ்வளவையும் முன்கூட்டியே சொல்லிவிட வேண்டும். இல்லாவிட்டால் ஓர் அடிக்காக ஊரே ஏன் அலைகிறது என்று புரியாமல் அரங்கம் சிரிக்காமல் உட்கார்ந்திருக்கும். மூன்று நிமிட அறிமுகம் போதும். பாட்டைப் படம் ஓடும்போது வாசிக்கக் கூடாது. கண் திரையை விட்டு நகர்ந்துவிடும்.

அடுத்தது வேகம். அன்று கேமராவைக் கையால் சுற்றினார்கள்: ஒரு சுற்றுக்கு 8 ஃபிரேம் (பிலிமில் பதியும் தனிப்படம்), நொடிக்கு இரண்டு சுற்று, ஆக 16 ஃபிரேம். 35 மி.மீ. பிலிமில் அடிக்கு 16 ஃபிரேம் என்பதால் 300 அடிச் சுருள் ஐந்து நிமிடம் ஓட வேண்டும். பேசும்படத்துக்கான 24-ல் விட்டால் 3 நிமிடம் 20 நொடியில் முடிந்துவிடும். விழுகிறவர் எதில் தடுக்கினார் என்பதே தெரியாது. மௌனப்படம் என்றாலே விறுவிறுவென்று ஓடும் என்ற எண்ணம் இப்படித்தான் பரவியது. ஆனால் 16 என்பதும் வேதவாக்கல்ல. சுற்றியவர் கையைப் பொறுத்து மாறும். தெருவில் நடப்பவர் இயல்பாக நடக்கிறாரா என்று பார்த்து, 16-க்கும் 18-க்கும் இடையில் ஆபரேட்டர் முடிவு செய்ய வேண்டும்.

டிஜிட்டல் பிரதியில் சிக்கல் வேறு. 16-ஐ 24 ஆக்க, இரண்டு ஃபிரேமுக்கு ஒன்றை இருமுறை சேர்ப்பார்கள். ஓட்டக் காட்சியில் அசைவு தத்தும். பிலிம் பிரதி கிடைத்தால், பேசும்படத்துக்கான அப்பர்ச்சர் பிளேட்டை (ஃபிரேமில் எவ்வளவு பகுதி திரையில் விழ வேண்டும் என்று வரையறுக்கும் துளைத் தகடு) கழற்றி மௌனப்பட பிளேட்டை மாட்டுவது கட்டாயம். ஒலித்தடத்துக்கு விட்ட இடத்தில் அன்று படமே இருந்தது. பிளேட்டை மாற்றாவிட்டால் ஓரத்தில் நிற்பவர் பாதி காணாமல் போவார். ஒளியை விட்டு விட்டு மறைக்கும் சுழல் தகடான ஷட்டரும் மூன்று இதழ் உள்ளதாக இருக்கட்டும். இரண்டு இதழ் என்றால் 16-ல் திரை கண்ணை உறுத்தும்படி மினுக்கும்.

வேகத்தை மாற்றக்கூடிய புரொஜெக்டர் மோட்டாரும் மௌனப்பட அப்பர்ச்சர் பிளேட்டும் வாங்க, பொதுக்குழுவின் ஒப்புதலைக் கோருகிறேன்.

செயலாளர்