கேசட்டில் அப்பா ஏதோ சொல்கிறார்

டொராண்டோ,
பிப்ரவரி 9

அன்புள்ள அக்காவுக்கு,

நீ கொடுத்தனுப்பிய கல்யாணக் கேசட் பத்திரமாக வந்து சேர்ந்தது. நான் நலம். பனி இன்னும் கரையவில்லை. வார நாட்களில் கிடங்கில் பெட்டி அடுக்குகிறேன், இரண்டு நாள் மாலையில் ஆவணப்பட வகுப்பு.

இங்கே பொது நூலகத்தின் சில கிளைகளில் பழைய வீடியோ கேசட்டைக் கணினிக்கு மாற்றும் கருவி இருக்கிறது. நூலக அட்டை போதும், காசு கிடையாது. ஆனால் மூன்று மணி நேரக் கேசட் என்றால் மூன்று மணி நேரமும் ஓடித்தான் ஏறும். அதனால் உன் கல்யாணத்தை மாப்பிள்ளை அழைப்பிலிருந்து முழுசாகப் பார்த்தேன்.

பந்தியில் அப்பா வருகிறார். கையில் சாம்பார் வாளி. வீடியோ லைட் கண்ணில் அடிக்க, முகத்தைத் திருப்பிக்கொண்டு யாரிடமோ ஏதோ சொல்கிறார். மொத்தம் 11 விநாடி. வாய் அசைகிறது, குரல் இல்லை. வீடியோக்காரர் அந்த இடம் முழுக்க சினிமாப் பாட்டைப் போட்டு நிரப்பிவிட்டார். அப்பா நடமாடுகிற படம் என்று நம்மிடம் இருப்பது இது ஒன்றுதானே அக்கா. ஹெட்போனைக் கழற்றாமல் ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன்.

போனில் கேட்டால், "இன்னும் கொஞ்சம் போட்டுக்கோங்கன்னு சொல்லியிருப்பார்" என்கிறாள் அம்மா. சித்தப்பாவோ, அப்பா அன்றைக்குப் பரிமாறவே இல்லை, ஜெனரேட்டர்காரரோடு வாசலில் மல்லுக்கட்டிக்கொண்டிருந்தார் என்று அடித்துச் சொல்கிறார். கேசட்டில் இருக்கிறதே என்றேன். "அது பெரியப்பாவா இருக்கும்டா" என்றார்.

முன்பு என்றால் சித்தப்பாவோடு வாதாடியிருப்பேன். வகுப்பில் சாரா பாலி 2012-இல் எடுத்த 'ஸ்டோரீஸ் வீ டெல்' பார்த்தோம். இந்த ஊர்க்காரர்தான், 11 வயதில் அம்மாவை இழந்தவர். அப்பா, கூடப் பிறந்தவர்கள், அம்மாவின் நண்பர்கள் என்று ஒவ்வொருவரையும் உட்கார வைத்து அம்மாவின் கதையைச் சொல்லச் சொல்கிறார். ஒருவர் சொல்வது இன்னொருவர் சொல்வதோடு ஒத்துப்போவதில்லை. எல்லாவற்றையும் படத்தில் வைத்திருக்கிறார். பழைய குடும்பப் படம் போலத் தெரிகிற பல காட்சிகள் நடிகர்களை வைத்து, அந்தக் காலத்தில் வீட்டில் படம் எடுக்கப் பயன்பட்ட சூப்பர் 8 ஃபிலிமில் எடுத்தவை என்பது போகப் போகத்தான் புரிகிறது. அது மட்டும் எனக்கு மனசு ஒப்பவில்லை. அப்பா வேஷத்தில் இன்னொருவரை என்னால் நிறுத்த முடியாது. வகுப்புக்காக அப்பாவைப் பற்றி நான் எடுக்கிற படத்தில் அந்த 11 விநாடியைப் பாட்டோடு அப்படியே வைக்கப் போகிறேன். அதையே திரும்பத் திரும்பக் காட்டி, ஒரு தடவை அம்மா சொல்வது, ஒரு தடவை சித்தப்பா சொல்வது, ஒரு தடவை நீ சொல்வது.

உனக்கு என்ன ஞாபகம் இருக்கிறது? அம்மாவிடம் கேட்காமல் எழுது.

பீரோவில் இருக்கும் ரிசப்ஷன் கேசட்டை மட்டும் போட்டுப் பார்த்துவிடாதே. நாடாவின் ஓரத்தில் வெள்ளையாகப் பூத்திருந்தால் அது பூஞ்சை. ஓட்டினால் நாடாவும் பாழ், பிளேயரும் பாழ். ஈரம் படாத இடத்தில் நிமிர்த்தி வை.

அப்புறம் ஒரு வேலை. பேட்டி எடுத்து முடித்ததும் யாரும் பேசாமல் அந்த அறையின் சத்தத்தை ஒரு நிமிடம் பதிவு செய்வார்கள். பேச்சை வெட்டி ஒட்டுகிற இடங்களில் அதைப் போட்டு நிரப்பினால்தான் காதில் உறுத்தாது. எனக்கு நம் கூடத்தின் சத்தம் வேண்டும். மத்தியானம் அம்மா சாப்பிட்டுப் படுத்த பிறகு, போனை ஊஞ்சல் பலகையில் வைத்துவிட்டு நகர்ந்துவிடு. ஃபேன் கிறீச்சிடுகிறது என்று அத்தான் எண்ணெய் போட வந்தால் தடுத்துவிடு. அப்பா இருந்தபோதும் அது அப்படித்தான் கத்தியது.

அன்புடன்,
தம்பி