அதே 158 வெற்றிகள்தானே? கல்லூரி ஃபுட்பால் ஹால் ஆஃப் ஃபேம் தேர்வுக் குழுவுக்கு ஒரு திறந்த மடல்

மதிப்பிற்குரிய தேர்வுக் குழுவினருக்கு,

வணக்கம். தமிழில் எழுதினால் அவர்களுக்கு எப்படிப் போய்ச் சேரும் என்று வீட்டில் கேட்டார்கள். கோபம் எனக்குத் தமிழில்தான் வருகிறது, அதை மொழிபெயர்த்தால் ஆறிவிடும்.

கல்லூரி அளவில் அமெரிக்க ஃபுட்பாலில் சாதித்தவர்களைக் கௌரவிக்கும் உங்கள் ஹால் ஆஃப் ஃபேமுக்குள் பயிற்சியாளராக வர 60 சதவீத வெற்றி வேண்டும் என்று இத்தனை காலம் இருந்த விதியை 2025 மே மாதம் 59.5 ஆகக் குறைத்தீர்கள். பயிற்சியாளர் மைக் லீச்சுக்காகத்தான் என்று ஊருக்கே தெரியும். 158 வெற்றி, 107 தோல்வி. இன்னும் ஒரே ஒரு ஆட்டத்தை ஜெயித்திருந்தால் சரியாக 60 வந்திருக்கும். இறந்துபோன மனிதரை ஒரு ஆட்டத்துக்காக வாசலில் நிறுத்துவது அநியாயம், நீங்கள் செய்தது சரி. அதில் எனக்குத் துளிகூட வருத்தமில்லை.

ஆனால் பயிற்சியாளர் ஹோவர்ட் ஷ்னெல்லன்பர்கருக்கும் 158 வெற்றிகள்தான். அதே எண். 151 தோல்வி, 3 டிரா என்பதால் அவர் சதவீதம் 51 சொச்சத்தில் நிற்கிறது. அவரும் 2021 மார்ச்சில் போய்ச் சேர்ந்துவிட்டார். அவரைத் தேர்ந்தெடுங்கள் என்று நான் கேட்கவில்லை, வாக்குச்சீட்டில் பெயர் வரட்டும் என்றுதான் கேட்கிறேன். ஓட்டு விழாவிட்டால் பரவாயில்லை.

அவர் கதை எனக்குத் தெரிந்ததைவிட உங்களுக்கு நன்றாகவே தெரியும். 1979ல் மயாமி பல்கலைக்கழக அணிக்குப் பயிற்சியாளராக வந்தபோது அந்தப் பல்கலைக்கழகம் ஃபுட்பாலையே இழுத்து மூடிவிடலாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது. ஐந்தாவது சீசனின் முடிவில், தோல்வியே காணாத நெப்ராஸ்காவை ஆரஞ்ச் பவுல் என்ற பெரிய ஆட்டத்தில் 31-30 என்று சாய்த்து தேசிய சாம்பியன் ஆனார்கள். அங்கே அவர் கணக்கு 41 வெற்றி, 16 தோல்வி. அப்படியே சாய்வு நாற்காலியில் உட்கார்ந்திருந்தால் நீங்களே மாலையோடு வந்திருப்பீர்கள். அவரோ புதிதாக வரவிருந்த ஒரு தொழில்முறை அணிக்காக மயாமியை விட்டார், அந்த அணி வரவே இல்லை. அது அவருடைய தப்பு, நான் மறைக்கவில்லை.

அப்புறம் சொந்த ஊரான லூயிவிலின் பல்கலைக்கழக அணி. வெற்றி-தோல்வி-டிரா என்ற வரிசையில் முதல் மூன்று வருடம் 2-9, 3-8, 3-7-1. எட்டு வெற்றிக்கு 24 தோல்வி. ஆறாவது வருடம் 10-1-1, ஃபியஸ்டா பவுலில் அலபாமாவை 34-7 என்று நொறுக்கினார்கள். நடுவில் ஓக்லஹோமாவில் ஒரு வருடம், அதைப் பற்றிப் பேச ஒன்றுமில்லை.

நான் பார்த்த கதை அதற்குப் பிறகுதான். 1998ல், 64 வயதில், ஃப்ளோரிடா அட்லாண்டிக் பல்கலைக்கழகத்தில் ஃபுட்பால் இயக்குநராகச் சேர்ந்தார். அப்போது அங்கே டீம் கிடையாது. மூன்று வருடம் ஒரு ஆட்டம்கூட ஆடாமல், ஊரில் பணமுள்ளவர்களைப் பார்த்து, காகிதத்தில் மட்டும் இருந்த ஒரு அணிக்கு நன்கொடை கேட்டு நடந்த மனிதர் அவர். 2001ல் முதல் ஆட்டம் ஸ்லிப்பரி ராக் என்ற சின்னக் கல்லூரியோடு, 40-7 தோல்வி.

2003ல் நான் அங்கே மேற்படிப்பு மாணவன். கால்பந்து என்று நம்பி நண்பனோடு ஃபோர்ட் லாடர்டேலுக்குப் போனேன், பந்தைக் காலால் யாரும் தொடவில்லை. லாக்ஹார்ட் மைதானம் வேறு சாக்கருக்குப் பேர்போனது, ஏமாற்றம் இரட்டிப்பானது. அலுமினியப் பலகை வெயிலில் காய்ந்து உட்கார முடியவில்லை, நோட்டுப் புத்தகத்தைப் போட்டு அதன்மேல் உட்கார்ந்தோம். எங்களைச் சுற்றிப் பாதிக்குமேல் காலியான பலகைகள். கீழே அந்தப் புழுக்கத்தில் கோட்டும் டையுமாக, வெள்ளை மீசையோடு ஒரு பெரியவர், கல்யாண வீட்டு வாசலில் வரவேற்க நிற்கும் பெண்ணின் அப்பா மாதிரி விறைப்பாக நின்றுகொண்டிருந்தார். அவர்தான் கோச் என்றான் நண்பன். அந்த வருடம் அந்தப் பச்சைக் குழந்தை அணி 11 ஆட்டம் ஜெயித்து, தன் பிரிவின் அரையிறுதிவரை போனது. ஆடத் தொடங்கி மூன்றாவது சீசன், ஐயா.

இப்போது உங்கள் கணக்குக்கு வருகிறேன். மொத்தம் 312 ஆட்டங்கள். 59.5 வர வேண்டுமானால் 27 தோல்விகள் வெற்றியாக மாறியிருக்க வேண்டும். லூயிவிலின் முதல் மூன்று வருடத்தில் மட்டும் 24 தோல்வி, ஃப்ளோரிடா அட்லாண்டிக்கின் முதல் இரண்டு வருடத்தில் 15. அதாவது, இடிந்த வீட்டைத் தூக்கி நிறுத்தியதற்கும் வெறும் மணலில் அஸ்திவாரம் போட்டதற்கும் நீங்கள் போட்ட அபராதம். அவருடைய கடைசி சீசன் 2011. வளாகத்திலேயே ஒரு மைதானம் வேண்டும் என்று வருடக்கணக்கில் அலைந்து, அந்த அக்டோபரில்தான் அது திறந்தது. அவருக்கு 77 வயது. அந்த சீசன் 1-11. ஒரு வருடம் முன்னாலேயே கிளம்பியிருந்தால் அந்தப் பதினொன்றும் அவர் கணக்கில் ஏறியிருக்காது. தான் கட்டவைத்த மைதானத்தில் அரை சீசன் நின்றதற்கு அவர் கொடுத்த விலை அது. இன்று அந்தப் புல்தரைக்கு அவர் பெயர்தான், உங்கள் வாக்குச்சீட்டில்தான் அந்தப் பெயருக்கு இடமில்லை.

59.5 என்பது எந்த வேதத்தில் இருக்கிறது என்று தெரியவில்லை. 60 இருந்தவரை அது கல்வெட்டு, வேண்டியவர் ஒருவர் அரை சதவீதத்தில் மாட்டிக்கொண்டதும் அது ரப்பர் ஆகிவிட்டது. நான் வேலை பார்த்த ஒரு கம்பெனியிலும் இதேதான்: நன்றாக ஓடும் ப்ராஜெக்ட்டில் ஒட்டிக்கொண்டவனுக்கு ஐந்துக்கு ஐந்து, மூழ்கும் ப்ராஜெக்ட்டை இழுத்துக் கரை சேர்த்தவனுக்கு “இலக்கை எட்டவில்லை”. மேனேஜர் கேண்டீனில் பார்த்தால் மட்டும் தோளைத் தட்டுவார். சரி, அதை இங்கே கொட்டக் கூடாது, மன்னிக்கவும்.

முதல் வருடங்களைக் கழித்துப் பார்த்தால் என்ன என்று நானும் போட்டுப் பார்த்தேன், 56தான் வருகிறது. அதனால் அந்தச் சலுகையும் வேண்டாம். தேசிய சாம்பியன்ஷிப் வென்ற பயிற்சியாளருக்கும், இல்லாத அணியைப் புதிதாகத் தொடங்கி நடத்தியவருக்கும் சதவீத விதி பொருந்தாது என்று ஒரு வரி சேருங்கள். இரண்டையும் செய்தவர் இவர். பெயர் சீட்டில் வரட்டும், மற்றதை ஓட்டுப் போடுபவர்கள் பார்த்துக்கொள்வார்கள்.

புது விதி 2027 வாக்குச்சீட்டிலிருந்துதான் அமலுக்கு வருகிறது என்று அறிவித்திருந்தீர்கள். எப்படியும் விதிப் புத்தகத்தைத் திறந்து வைத்திருக்கிறீர்கள், மூடுவதற்கு முன் அந்த ஒரு வரியை எழுதிவிடும்படி பணிவோடு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
சுடும் பலகையில் நோட்டுப் புத்தகத்தைப் போட்டு உட்கார்ந்த ஒரு பழைய மாணவன்