முகம் காட்டாத குரலுக்கு

மதிப்பிற்குரிய ரெஜினால்டோ லெமே அவர்களுக்கு,

வணக்கம். பிரேசிலின் ஃபார்முலா 1 கார் பந்தய வீரர் அயர்டன் சென்னாவைப் பற்றி ஆசிஃப் கபாடியா இயக்கி 2010-இல் வெளிவந்த ஆவணப்படத்தை அண்மையில் மீண்டும் பார்த்தேன். இம்முறை என் செவி, பந்தய வர்ணனையாளரான உங்கள் குரலையே தேடியது. அதனால்தான் இக்கடிதம்.

பேட்டி தருபவரை நாற்காலியில் அமர்த்திக் காட்டும் வழக்கத்தைக் கபாடியா கைவிட்டு, பழைய ஒளிப்பதிவுகளைத் திரையில் ஓடவிட்டு, பேசுவோரின் குரலை மட்டும் சேர்த்திருக்கிறார். ஆகவே பல ஆண்டுகள் கழித்து நீங்கள் நினைவுகூரும்போதும் எங்கள் கண்முன் நிற்பவர் இளமை மாறாத சென்னாதான். குளோபோ தொலைக்காட்சியால் பிரேசில் முழுவதும் அறிந்த முகத்தை ஒதுக்கிவைத்துவிட்டுக் குரலை மட்டும் தந்தது பெரிய கொடை என்றே நினைக்கிறேன்.

அந்தப் படத்தில் வர்ணனையாளர்களின் குரல் இரண்டு விதமாக ஒலிக்கிறது. ஒன்று, பந்தயம் நடக்கும்போதே பதிவானது. 1991-இல் பிரேசிலின் இன்டர்லாகோஸ் பந்தயத் தடத்தில், கியர்கள் ஒவ்வொன்றாகக் கைவிட, கடைசியில் ஆறாவது கியரை மட்டும் வைத்துக்கொண்டு, இரண்டாவதாக வந்த ரிக்கார்டோ பத்ரேசேயை 2.991 விநாடி வித்தியாசத்தில் முந்தி, சொந்த மண்ணில் எட்டாவது முயற்சியில் சென்னா முதன்முதலாக வென்றபோது, நேரலையில் பேசியவர்களுக்கு அடுத்த திருப்பத்தில் என்ன ஆகும் என்று தெரியாது. மற்றொன்று, 1994 மே 1 அன்று இத்தாலியின் இமோலா தடத்தில், தம்புரெல்லோ வளைவில் நடந்த விபத்தில் சென்னா இறந்ததை அறிந்தபின் பேசுவது. உங்கள் பங்கு இந்த இரண்டாம் வகை. முடிவை அறிந்தவர் அந்தத் துயரம் முன்கூட்டியே கசிந்துவிடாமல் பழைய நாள்களைப் பேசுவது எவ்வளவு கடினம்!

சென்னாவின் மெக்லாரன் அணித் தலைவராக இருந்த ரான் டென்னிஸும் ஃபார்முலா 1 மருத்துவர் சிட் வாட்கின்ஸும் தங்களுடன் பணியாற்றிய ஓட்டுநரைப் பற்றிப் பேசுகிறார்கள். ஆனால் பணவீக்கத்தாலும் அரசியல் குழப்பத்தாலும் சோர்ந்திருந்த ஒரு நாடு ஞாயிறுதோறும் அவரிடம் எதைத் தேடியது என்பதை உள்ளிருந்து சொல்ல உங்களைப் போன்ற பிரேசில்காரர் ஒருவர் தேவைப்பட்டார்.

ஒரு குறையையும் சொல்ல வேண்டும். 1989, 1990 ஆண்டுகளில் ஜப்பானின் சுஸுகா தடத்தில் சென்னாவின் காரும் அவருடைய போட்டியாளர் அலென் ப்ரோஸ்டின் காரும் மோதிய நிகழ்வுகளில், படம் ப்ரோஸ்ட் பக்கம் போதிய நியாயம் காட்டவில்லை. 1990-இல் முதல் திருப்பத்தில் நடந்தது வேண்டுமென்றே செய்தது என்பதைச் சென்னாவே ஓராண்டுக்குப்பின் ஒப்புக்கொண்டார். பந்தயத்தைப் பகுத்துச் சொல்வதையே தொழிலாகக் கொண்ட உங்கள் குரல் அங்கே இன்னும் நீண்டு ஒலித்திருக்கலாம்.

அந்த இரண்டு பந்தயங்களைப் பற்றி, படத்தின் நேரக்கட்டுப்பாடு இல்லாமல், நீங்கள் விரிவாகப் பேசிப் பதிவுசெய்ய வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன்.

அன்புடன்,
ஒரு ரசிகன்