ஓடை புதையும் ஊர்

ஆசிரியர் அவர்களுக்கு,

தங்கள் ஞாயிறு இதழில் செக் நாட்டின் மொராவியக் கார்ஸ்ட் (நீர் சுண்ணாம்புக்கல்லைக் கரைத்துக் குகைகளும் நிலத்தடி ஆறுகளும் உண்டாக்கிய நிலப்பகுதி) பற்றி வந்த பயணக் கட்டுரை, ஸ்லோவுப் என்ற சந்தையூரைத் தேவாலயம், குகை என்று இரண்டு வரியில் முடித்துவிட்டது. 1750களில் எழுந்த அந்த யாத்திரைத் தேவாலயம் அழகானதுதான். ஆனால் யாழ்ப்பாணத்தில் சுண்ணாம்புக்கல்லின் மேல் கிணறு வெட்டிக் குடியிருக்கும் நமக்கு அந்த ஊரின் தண்ணீரல்லவா முக்கியம்?

சந்தையூர் என்பது அங்கே வெறும் வர்ணனை அல்ல. கிராமத்துக்கும் நகரத்துக்கும் நடுவே, சந்தை கூட்டும் உரிமை பெற்றிருந்த ஊர்களின் தகுதி அது. 1950களில் வழக்கொழிந்து, 2006 இல் சட்டத்தால் மீண்டது. புர்னோ நகருக்கு வடக்கே சுமார் 25 கிலோமீற்றர் நீளமும் சில கிலோமீற்றர் அகலமும் கொண்ட சுண்ணாம்புக்கல் பட்டையில் ஸ்லோவுப், ஓஸ்த்ரொவ், யெடொவ்னிட்செ எல்லாம் இந்தத் தகுதி உள்ள ஊர்கள். ரயிலில் போகிறவர்கள் பிளான்ஸ்கோவில் இறங்கி பஸ் பிடிக்க வேண்டும். குகைக்குள் கோடையிலும் 7, 8 பாகை செல்சியஸ்தான். குளிர்ச்சட்டை இல்லாமல் போகக்கூடாது.

ஸ்லோவுப்புக்கு வடக்கே உள்ள மேட்டுநிலம் நீரை உறிஞ்சாத பாறை. மழை அங்கே ஓடையாகத்தான் ஓடும். ஊரைத் தாண்டிச் சுண்ணாம்புக்கல்லைத் தொட்டதும் ஓடை நிலத்துக்குள் இறங்கிவிடுகிறது. அதற்கப்பால் இருப்பது வறண்ட பள்ளத்தாக்கு. புதைந்த ஓடை, ஹோல்ஷ்டைன் என்ற ஊர்ப் பக்கம் புதையும் இன்னொரு ஓடையோடு நிலத்தடியில் கலந்து, புங்க்வா என்ற ஆறாகி, 138 மீற்றர் ஆழமுள்ள மாத்சொஹா பாதாளத்தின் அடியில் முகம் காட்டி, பிறகு பள்ளத்தாக்கில் வெளியேறுகிறது. இந்த நீர் எவ்வளவு வேகமாக ஏறும் என்பதற்கு 1970 சாட்சி. முந்தைய ஆண்டுதான் கண்டுபிடிக்கப்பட்டிருந்த அமெச்சூர் குகைக்குள் இறங்கிய இருவர், மேலே பெய்த மழையின் வெள்ளம் உள்ளே புகுந்ததில் இறந்தார்கள்.

இதே வேகம்தான் அசுத்தத்துக்கும். அகன்ற பிளவு வழியே பாயும் நீர் வடிகட்டப்படுவதில்லை. மேட்டில் போட்ட உரமும் பள்ளங்களில் கொட்டிய குப்பையும் குகை நீரில் வந்து சேர்ந்தன. அதனால்தான் அங்கே அமிழ்குழிகளை, அதாவது நீர் நிலத்துக்குள் இறங்கும் பள்ளங்களை, சுற்றியிருந்த வயல்களைப் புல்வெளியாக்கினார்கள், நிரப்பிய குழிகளைத் தோண்டிச் சுத்தம் செய்தார்கள்.

நமது நிலம் அப்படியே அதுவல்ல. அவர்களுடையது டெவோனியன் காலத்து இறுகிய கல். நம்முடையது வயதில் மிகவும் இளைய, துளைகள் நிறைந்த மயோசீன் கல். இங்கே நன்னீர் உப்புநீரின் மேல் மிதக்கிறது. கடல்மட்டத்துக்கு மேல் ஓரடி நன்னீர் நின்றால் கீழே ஏறத்தாழ நாற்பதடி நன்னீர் என்பது கணக்கு. மோட்டர் போட்டு அளவுக்கு மீறி இறைத்தால் உப்பு மேலே ஏறும். ஸ்லோவுப்காரருக்கு இந்தக் கவலை இல்லை. மலசலகூடக் குழியும் தோட்டத்து உரமும் இரண்டு பேருக்கும் பொது.

நிலாவரைக் கிணற்றில் போட்ட தேசிக்காய் கீரிமலைக் கேணியில் மிதந்தது, இரண்டும் நிலத்தடியில் தொடுத்தவை என்ற கதையைக் கட்டுரையாளர் தொட்டிருக்கிறார். நிலத்தடி நீர் எங்கே போகிறது என்று காட்ட விடும் பொருளாக, அதாவது தடங்காட்டியாக, தேசிக்காய் மோசமானது. அது மிதக்கும்; குகையின் கூரை நீருக்குள் தாழும் முதல் இடத்திலேயே சிக்கி நின்றுவிடும். கார்ஸ்ட் நிலங்களில் வழக்கம் புளோரசின் போன்ற சாயம். சாயத்தின் ஒளிர்வை அளக்கும் ஒளிர்வுமானி நூறு கோடியில் ஒரு பங்குக்கும் குறைவாக இருந்தாலே காட்டும் என்பதால் தண்ணீர் நிறம் மாறுமளவுக்கு ஊற்றத் தேவையில்லை. சாயம் விடும் முன்பே ஊற்றுகளின் இயல்பான ஒளிர்வை அளந்து வைக்க வேண்டும். இல்லையென்றால் பாசியைச் சாயம் என்று நம்பி ஏமாறலாம். நீரிலுள்ள சாயத்தைப் பிடித்து வைக்கும் கரித்தூள் பைகளையும் மாதிரிப் போத்தல்களையும் நிழலில் வைக்காவிட்டால் வெயில் சாயத்தை அழித்துவிடும், தொடர்பே இல்லை என்ற பொய் முடிவு வரும். உப்பைக் கரைத்துத் தடம் பார்க்கும் முறை நமக்குச் சரிவராது, நிலத்தடியில் ஏற்கனவே உப்பு இருப்பதால். இங்கே நீர் மெதுவாக நகரும் இடங்கள் அதிகம். சில நாள் பார்த்துவிட்டுக் கைவிடாமல் மாதக்கணக்கில் மாதிரி எடுக்க வேண்டும். சாயப்பொடியைத் தொட்டவரை மாதிரி எடுக்க அனுப்பவே அனுப்பாதீர்கள்: விரலில் ஒட்டிய துகளே போதும், எல்லாக் கிணறும் எல்லாக் கிணற்றோடும் தொடுத்திருப்பதாகக் காட்டிவிடும்.

புவியியல் ஆசிரியர்கள் இருவர்,
கோப்பாய்.